பணத்தை மட்டும் வசந்தி கட்டட்டும்

1. ஒரு பட்டன்

வசந்தி எங்கள் கடையில் வேலைக்குச் சேர்ந்த மறுநாளே எனக்கு அவளைப் பிடிக்காமல் போய்விட்டது. காரணத்தைச் சொல்கிறேன். இதில் மறைக்க என்ன இருக்கிறது?

சிங்கப்பூரின் சிராங்கூன் சாலையிலிருந்து பிரிகிற ஒரு சந்தில் எங்கள் டிராவல்ஸ் கடை. டிக்கெட் ஒரு பக்கம், விசா ஒரு பக்கம். விசா பக்கம் இருபது வருஷமாக நான்தான். இந்தியாவுக்குப் போகிற சிங்கப்பூர்க்காரர்களுக்கு இ-விசா, அங்கிருந்து வருகிற சொந்தபந்தங்களுக்கு இங்கத்திய வருகை விசா, இரண்டும் என் மேசைதான். பாஸ்போர்ட்டை ஸ்கேன் பண்ணி, போட்டோவை அளவாக வெட்டி, அப்பா பெயரை எழுத்தெழுத்தாகச் சரிபார்த்து, எல்லாம் முடிந்த பிறகு கார்டில் விண்ணப்பக் கட்டணம் கட்ட வேண்டும். அந்தக் கடைசி பட்டனை அழுத்த ஒரு விநாடிகூட ஆகாது.

அவள் சேர்ந்த முதல் நாள் ஒரு டாக்சிக்காரர் வந்திருந்தார். அவருடைய இ-விசா இரண்டு தடவை ஏதோ கோளாறில் நின்றுவிட்டது. மூன்றாவது தடவை நான் முதலிலிருந்து உட்கார்ந்து நிரப்பிக்கொடுத்தேன். கட்டணம் கட்டும் நேரம் பார்த்து என் போன் அடித்தது. பக்கத்தில் வேலை பழகிக்கொண்டிருந்த புதுப் பெண்ணிடம், "அந்தப் பட்டனை அழுத்தும்மா" என்றேன். அழுத்தினாள். சாயங்காலத்துக்குள் விசா வந்துவிட்டது.

மறுநாள் டாக்சிக்காரர் ஒரு டப்பா லட்டோடு வந்தார். நேராக வசந்தியின் மேசைக்குப் போனார்.

"பொண்ணு, உனக்கு நல்ல கைராசி லா! ரெண்டு தடவ வராத விசா, நீ தொட்டதும் வந்துருச்சு பாரு."

பிறகு என் பக்கம் திரும்பி, "நீங்களும் ஒண்ணு எடுத்துக்குங்க லோகாக்கா" என்றார். எடுத்துக்கொண்டேன். லட்டின் மேல் எனக்கு என்ன கோபம்?

2. எந்த ஊர் ராகு காலம்

டாக்சிக்காரர் வாயில் ஒரு விஷயம் விழுந்தால் தீவு முழுக்கப் பரவிவிடும். இரண்டே மாதத்தில் வசந்தியின் கைராசி ஆங் மோ கியோ பேட்டை வரைக்கும் போய்விட்டது. ஆள்கள் வருவார்கள், என் முன்னால் உட்காருவார்கள், நான் எல்லாவற்றையும் நிரப்புவேன். கடைசிப் பக்கம் வந்ததும் நெளிவார்கள்.

"தப்பா நினைக்காதீங்கக்கா. பணத்தை மட்டும் வசந்தி கட்டட்டும்."

எனக்குப் பற்றிக்கொண்டு வரும். சமையல் முழுக்க நான் செய்து, உப்புப் போட மட்டும் பக்கத்து வீட்டுக்காரியைக் கூப்பிடுவது மாதிரி இருக்கும். முதலாளியிடம் சொன்னேன். அவருக்கு ஒரே சிரிப்பு.

"விடு லோகா. பிசினஸ் நல்லாத்தானே போகுது?"

இந்தத் தொழிலுக்குப் புதிதாக வருகிறவர்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். விண்ணப்பக் கட்டணம் விசாவின் விலை இல்லை. விண்ணப்பத்தைப் பார்ப்பதற்கு வாங்குகிற கூலி. விசா கிடைக்காவிட்டாலும் அந்தக் காசு திரும்பி வராது. இதை நான் எல்லாரிடமும் சொல்வேன், எல்லாரும் தலையாட்டுவார்கள். ஆனால் அந்தப் பட்டன் திரையில் வந்ததும் பேச்சு நின்றுவிடும். சிலர் கண்ணை மூடிக்கொள்வார்கள்.

தங்கமணி என்று ஒரு அம்மாள், பள்ளிக்கூட கேண்டீனில் சமைப்பவர். கோயம்புத்தூரில் கட்டிக்கொடுத்த மகளுக்குப் பிரசவம், போக வேண்டும். வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்கு நான் நிரப்பி முடித்தேன். வசந்திக்காகக் காத்திருந்ததில் பத்தரை ஆகிவிட்டது. ராகு காலம்! பன்னிரண்டு மணி வரை அசைய மாட்டேன் என்று உட்கார்ந்துவிட்டார். பன்னிரண்டு மணிக்கு வசந்தி தன் ராசிக் கையை எடுத்துக்கொண்டு வந்தபோது, டிக்கெட் வாங்க வந்த ஒரு பெரியவர் சும்மா இருக்காமல் வாயைத் திறந்தார்.

"காசு இந்தியாவுக்குத்தானம்மா போகுது? அங்கத்திய ராகு காலம்தானே பாக்கணும்? அங்க பத்தரைன்னா இங்க ஒரு மணி. ரெண்டரை வரைக்கும் இருக்கே."

"ஐயோ, அப்ப இப்பவே கட்டலாமா?" என்றார் தங்கமணி.

"இப்ப அங்க மணி ஒம்போதரை. கட்டலாம். ஆனா சர்வர்ல போய்ச் சேர லேட்டாச்சுன்னா?"

நான் தலையில் அடித்துக்கொண்டேன். ஆனால் வசந்தி சிரிக்கவில்லை, அலுத்துக்கொள்ளவும் இல்லை. நாற்காலியை இழுத்துப் போட்டுத் தங்கமணியின் பக்கத்தில் உட்கார்ந்தாள். "பயப்படாதீங்கம்மா, பாப்பாவ நினைச்சிக்கிட்டு நீங்களும் என் கை மேல கைய வைங்க" என்றாள். இரண்டு பேரும் சேர்ந்து அழுத்தினார்கள். தங்கமணி அழுதுவிட்டார். விசா ஞாயிற்றுக்கிழமை வந்தது. தீபாவளிக்கு வசந்திக்கு ஒரு சேலை வந்தது. எனக்கு முறுக்கு.

சேலையை விடுங்கள். என் முன்னால் உட்கார்ந்து இதுவரை யாரும் அழுததில்லை. எனக்கு வயிறு எரிந்தது அதற்குத்தான்.

3. அவளுக்கு வந்த தேவை

ஒரு திங்கட்கிழமை மத்தியானம் கடையில் ஆள் இல்லை. முதலாளி வெளியே போயிருந்தார். வசந்தி ஒரு பைலோடு என் மேசைக்கு வந்து நின்றாள்.

"அக்கா, ஒண்ணு கேக்கலாமா?"

"கேளு."

"என் வீட்டுக்காரரும் பாப்பாவும் லீவுக்கு இங்க வரணும். விசா போடணும்."

"போடு. உன் கைதான் ராசியான கையாச்சே."

குத்தலாகத்தான் சொன்னேன். அவள் முகம் மாறவில்லை.

"இங்கத்திய குடியுரிமையோ நிரந்தரவாசமோ இருக்கறவங்க பொறுப்பு எடுத்துக்கணும்னு உங்களுக்குத் தெரியாதாக்கா? நான் வேலை பாஸ்ல இருக்கறவ. முதலாளிகிட்ட கேட்டேன். ஸ்டாஃப் குடும்பத்துக்கு அவர் போடறதில்லையாம்."

தெரியும். அவள் வாயாலேயே வரட்டும் என்றுதான் இருந்தேன். ஊருக்கெல்லாம் விசா கட்டணம் கட்டுகிறவள், சொந்தப் பிள்ளைக்குக் கட்ட முடியாமல் என் முன்னால் நிற்கிறாள். உள்ளுக்குள் கொஞ்சம் குளிர்ந்தது என்றுகூடச் சொல்லலாம்.

"இதுக்கு முன்னாடி போட்டதே இல்லையா?"

"போட்டோம். திருச்சியில ஒரு ஏஜென்ட் மூலமா. அவர் லிங்க் அனுப்பினாரு, இங்கேருந்து நான்தான் என் போன்ல பணம் கட்டினேன். கிடைக்கல." பைலை மேசையில் வைத்தாள். "பாப்பா இப்பல்லாம் போன்ல வர மாட்டேங்குதுக்கா. நான் கூப்பிட்டா, 'நீங்களே பேசுங்கப்பா'ன்னு விளையாட ஓடிடுது. நான் வரும்போது அதுக்கு நாலு வயசு. இந்தத் தடவையும் வரலன்னா என்னை மறந்தே போயிடும்."

நான் ஒரு நாற்காலியை அவள் பக்கம் தள்ளினேன். அவள் தொடர்ந்தாள்.

"ஊரே என் கைய ராசின்னு சொல்லுது. என் பிள்ளைக்கு இந்தக் கை ஆகல. அதனால... நீங்க உங்க கையால கட்டுங்கக்கா."

இத்தனை மாதம் இந்த ஒரு வார்த்தைக்காக நான் ஏங்கியிருந்தேன். யாராவது ஒருவர், யாராக இருந்தாலும் சரி, "லோகாக்கா, நீங்களே கட்டுங்க" என்று சொல்ல மாட்டார்களா என்று. கடைசியில் அதைச் சொன்னவள் யார் பாருங்கள்!

வீட்டில் என் கணவர் குதித்தார். "உனக்கு ஏன் இந்த வேண்டாத வேலை? வந்தவங்க திரும்பிப் போகலன்னா உன்னைத்தான் கூப்பிட்டுக் கேப்பாங்க. அந்தப் பொண்ண உனக்குப் பிடிக்கவே பிடிக்காதேடி!"

"பிடிக்காதுதான். இது விசா" என்றேன்.

அடுத்த நாள் கடையில் பழைய விண்ணப்பத்தை வாங்கிப் பார்த்தேன். ஏஜென்ட் ஏதாவது சொதப்பியிருப்பான், திருத்திவிடலாம் என்று நினைத்திருந்தேன். தப்பு எதுவும் கண்ணில் படவில்லை. எனக்கு இன்னும் பயமாகிவிட்டது. இரண்டு பேருக்கும் புதிதாக நிரப்பினேன். கட்டணப் பக்கம் திறந்தது.

"நாளைக்குக் கட்டலாம்" என்றேன்.

"ஏங்க்கா?"

"மணியப் பாரு. மூணு அடிச்சிருச்சு. செவ்வாய்க்கிழமை."

வசந்தி என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "அக்கா, நீங்களா ராகு காலம் பாக்கறீங்க?"

"வாயை மூடு. எனக்காகவா பாக்கறேன்?"

மறுநாள் காலையில் கடை திறந்ததும், என் சொந்தக் கார்டில், என் விரலால் கட்டினேன். அழுத்துவதற்கு முன் என்னையறியாமல் கண்ணை மூடிக்கொண்டேன். எத்தனை பேருக்குக் கட்டியிருக்கிறேன், ஒரு தடவைகூட அப்படிச் செய்ததில்லை.

4. காத்திருப்பு

முடிவு என் ஈமெயிலுக்குத்தான் வரும். சோறு இறங்கவில்லை. பேருந்தில் பார்த்தேன், அடுப்படியில் பார்த்தேன், கழிவறையில்கூடப் பார்த்தேன். ஒரு நாள் பொறுக்க முடியாமல் வசந்தியிடமே கேட்டேன்.

"ஒவ்வொருத்தர் விசாவுக்கும் உனக்கு இப்படித்தான் இருக்குமா?"

"ஆமாக்கா. கேஸ்ட்ரிக் மாத்திரை போட்டுக்கிட்டுத்தான் வேலை பாக்கறேன். நாலஞ்சு விசா வராமப் போனா போதும், இதே வாயால ராசியில்லாத கைன்னு சொல்லிடுவாங்க. அப்புறம் முதலாளி என்னை எதுக்கு வச்சிக்கப் போறாரு? பாஸ் புதுப்பிக்க மாட்டாரு. ஊருக்குத்தான் போகணும்."

நான் அதை யோசித்ததே இல்லை. நான் நிரப்பிய விண்ணப்பம் நின்றுபோனால் என்னைத் திட்டுவார்கள், அவ்வளவுதான். வேலை போகாது. எனக்கு இது சொந்த ஊர். அவளுக்கோ அந்த லட்டு, சேலை எல்லாம் கழுத்தில் கட்டிய கல்லாகத் தொங்கிக்கொண்டிருந்தது. இது தெரிந்த பிறகாவது என் பொறாமை போயிருக்க வேண்டும். போகவில்லை. ஆனால் அவளுக்கு மத்தியானம் தயிர்சோறு கொண்டுவர ஆரம்பித்தேன், வயிற்றுப் புண்ணுக்கு நல்லது என்று.

அடுத்த வாரம் வெள்ளிக்கிழமை கடை நிறையக் கூட்டம். நான் நிரப்பி முடித்த ஆள்களெல்லாம் பணம் கட்ட வசந்தியின் மேசை முன்னால். என் போன் கிணுகிணுத்தது. திறந்தேன். இரண்டு பேருக்கும் கிடைத்திருந்தது.

எழுந்து வரிசையை விலக்கிக்கொண்டு போனேன்.

"வசந்தி, எந்திரி. நான் பாத்துக்கறேன். நீ போய்ப் பாப்பாவுக்குப் போன் போடு."

அவளுக்குப் புரிய ஒரு நிமிஷம் ஆயிற்று. புரிந்ததும் மேசையில் தலையைக் கவிழ்த்து ஓவென்று அழுதாள். வரிசையில் முதலில் நின்றவர் சிங்காரம், மளிகைக் கடைக்காரர். நான் அவள் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்ததும் பதறிவிட்டார்.

"பரவாயில்ல லா, அந்தப் பொண்ணு அழுது முடிக்கட்டும். நான் வெயிட் பண்றேன்."

எனக்கு எப்படி இருந்திருக்கும்! ஆனால் வசந்தி மூக்கைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தாள்.

"அண்ணே, என் பிள்ளைக்கே இவங்க கையாலதான் வந்துச்சு. என் கையால கட்டினப்ப வரல. இவங்க கட்டட்டும்."

சிங்காரம் என் கையை ஒரு மாதிரி பார்த்தார். பிறகு என் முன்னால் வந்து உட்கார்ந்தார்.

"அப்ப நீங்களே கட்டுங்கக்கா. என் தம்பி வரணும். மூணு தடவ கேட்டுக் கிடைக்கல. அம்மாவுக்கு அவனைப் பாக்கணும்னு உசிரு கிடந்து துடிக்குது."

சொல்லி முடிப்பதற்குள் அவர் கண் கலங்கிவிட்டது. நான் ஆசைப்பட்டது அத்தனையும் ஒரே நாளில் கிடைத்தது. ஆனால் அழுத்தத்தான் மனம் வரவில்லை. விரலைப் பட்டன் மேல் வைத்துக்கொண்டு வசந்தியைப் பார்த்தேன். அவள் கடை வாசலில் போனைக் காதில் அழுத்திக்கொண்டு, "அம்மாடா, அம்மாதான் பேசறேன், ஓடிடாத" என்று கெஞ்சிக்கொண்டிருந்தாள். கட்டினேன்.

இந்த வேலைக்கு வருகிற பிள்ளைகளுக்கு நான் சொல்ல நினைப்பது இதுதான். கட்டணம் கட்டுகிறவர் கையில் ஒன்றும் இல்லை. கட்டுவதற்கு முன்பே அதை வாடிக்கையாளரிடம் சொல்லிவிடுங்கள், அவர் காதில் ஏறாவிட்டாலும் சொல்லுங்கள். உங்கள் கையை ராசி என்று யாராவது சொன்னால் பூரித்துப் போகாதீர்கள். தன்னால் தாங்க முடியாத ஒன்றை அவர் உங்கள் தலையில் இறக்கி வைக்கிறார்.

சிங்காரத்தின் தம்பிக்கு விசா கிடைக்கவில்லை. அடுத்த மாதம் மறுபடியும் வந்தார், என் மேசையைத் தாண்டி நேராக வசந்தியிடம் போனார். பணத்தை அவள்தான் கட்டினாள். எனக்கு வயிறு எரிந்தது, பொய் சொல்ல மாட்டேன். ஆனாலும் அந்த விசா வரும்வரை மத்தியானச் சோற்று டப்பாவை இரண்டு பேருமே திறக்காமல் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம்.