எந்த நாற்காலி காலி?

கெட்டிலில் தண்ணீர் கொதிப்பதற்குள் என் தம்பி பெர்னார்டு ஓல்ட்ராய்டு அதைப் பார்த்து மூன்று விதமாகத் தலையாட்டிவிடுவான். மறுப்புக்கு ஒன்று, வருத்தத்துக்கு ஒன்று, எதிராளி பேசும்போது கேமரா தன் பக்கம் திரும்பினால் காட்டுவதற்கு ஒன்று. "ஒரு நிமிஷம், என்னை முடிக்க விடுங்க" என்பான். கெட்டில் குறுக்கே பேசியிருக்காது.

யார்க்‌ஷயரிலிருந்து ரயிலேறி லண்டன் தொலைக்காட்சிக்குப் போகும் ஒரே ஓல்ட்ராய்டு அவன்தான். ஆரம்பத்தில் ரக்பி வர்ணனையாளன். ஒருநாள் மூடுபனியில் முதல் பாதி முழுக்க இரண்டு அணிகளையும் மாற்றிச் சொல்லிவிட்டான். கேட்டதற்கு, "ரெண்டு பேரும் ஆடத்தானே செஞ்சாங்க?" என்றான். கண்ணுக்குத் தெரியாததைப் பற்றி நாற்பது நிமிடம் தடுமாறாமல் பேசுகிறவனை மைதானத்தில் வீணாக்கலாமா? தொலைக்காட்சிக்காரர்கள் விவாத மேசைக்கு அழைத்துக்கொண்டார்கள்.

அவன் பேசியது அத்தனையும் என் நோட்டில் இருக்கிறது: தேதி, டையின் நிறம், எந்தத் தரப்பு. நரி வேட்டைக்கு ஆதரவு ஏழு, எதிர்ப்பு ஆறு. இன்னும் ஒரு முறை கூப்பிட்டால் சமனாகிவிடும். கருத்து என்ன என்று நிலையத்தார் கேட்டு நேரத்தை வீணாக்க விடமாட்டான். "எந்த நாற்காலி காலி?" என்பான்.

இப்போது ஆறு வாரமாக எதுவும் காலி இல்லை. அவனைவிடச் சத்தமாகப் பேசும் ஒரு பெண் வந்துவிட்டாள். இந்த மாதமும் கூப்பிடாவிட்டால் அவ்வளவுதான் என்று குளியலறைக்கும் போனை எடுத்துப்போனான்.

செவ்வாய்க்கிழமை காலை டோஸ்ட் தின்னும்போது அது அடித்தது. கேட்டுவிட்டு, போனைக் கையால் பொத்திக்கொண்டான்.

"அக்கா, நம்ம ஊர் நீச்சல்குளத்தை மூடணுமா வேண்டாமான்னு விவாதமாம். மூடணும்னு பேசத்தான் ஆள் இல்லையாம்."

அந்தக் குளத்து டிக்கெட் ஜன்னலில் எனக்கு முப்பத்தோரு வருடம்.

"நான் எங்கடா வேலை பாக்கறேன், மறந்துட்டியா?"

"மறப்பேனா? உள்விவரம் தெரிஞ்ச ஒரே ஆள் நான்தான்."

"மூடிட்டா நான் எங்கடா போவேன்?"

"நேர்மையா சொன்னா, அது நல்ல கேள்வி. எதிர்த்தரப்பு கேட்டா என்ன சொல்றதுன்னு யோசிக்கணும்."

"வரேன்" என்று போனில் சொல்லி வைத்தான். குறிப்பெழுதக் காகிதம் தேடினான். குளத்தைக் காப்பாற்றக் கையெழுத்து வாங்க நான் கொண்டுவந்திருந்த மனு மேசைமேல் கிடந்தது. முதல் பெயர் என்னுடையது. பெர்னார்டு அதைக் கவிழ்த்துப்போட்டு, பின்பக்கத்தை உள்ளங்கையால் நீவினான்.

"ஒரு நாளைக்கு எத்தனை டிக்கெட் கிழிப்பே அக்கா? கொறச்சலாதானே இருக்கும்?" என்று கேட்டு, பென்சில் முனையை நாக்கில் தொட்டுக்கொண்டான்.