வெட்டுவதற்கென்று வைத்த ஆடு

சோபியா நகரத்து அரசு ஸ்டுடியோவில் அடுத்தவர் படங்களுக்கு நாற்காலி தூக்கியே தலை நரைத்த பிறகுதான் ஸ்விலெனுக்குச் சொந்தப் படம் கிடைத்தது. நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளிகளைப் பற்றிய படம்.

அதில் அவன் காப்பாற்ற நினைத்தது ஒரே ஒரு காட்சியை. படமெடுத்த ஊரில் முன்பு நிஜமாகவே சுரங்கம் சரிந்தபோது ஒரு தொழிலாளியை உள்ளேயே விட்டு வழியை அடைத்துவிட்டார்கள். அந்தத் தொழிலாளியின் மனைவி வெலிக்காவே கேமராவைப் பார்த்துக் கணவனின் பெயரைச் சொல்வாள். அவ்வளவுதான். கல்லறைகூட இல்லாத மனுஷனுக்கு ஊரறிய ஒரு பெயராவது இருக்கட்டும் என்று அவள் நடிக்க ஒப்புக்கொண்டாள்.

தணிக்கைக் குழு எதையாவது வெட்டாமல் எழுந்திருக்காது. அதனால் வெட்டுவதற்கென்றே ஒரு காட்சியை வைத்துக் கொடுப்பது ஸ்டுடியோ வழக்கம். சுரங்க மானேஜர் முழங்கிக்கொண்டிருக்கும்போது ஆடு ஒன்று மேடையேறி அவர் பேச்சுத் தாளைத் தின்பதாக ஸ்விலென் எடுத்து வைத்தான்.

"கொழுத்த ஆடா இருக்கணும்டா. மெலிஞ்சதை நீட்டினா மனுஷனைக் கேப்பாங்க," என்றாள் எடிட்டர் நெவேனா.

ஆட்டைப் பார்த்ததும் குழுத் தலைவர் கெர்கினோவ் கண்ணில் நீர் வரச் சிரித்தார். தலைவர் சிரித்த பிறகு மற்றவர்கள் சும்மா இருக்க முடியுமா?

"தோழர் ஸ்விலென், இவ்வளவு குசும்பு வச்சிருக்கீங்கன்னு தெரியாமப் போச்சே. நம்ம மானேஜருங்களுக்கு இது வேணும். ஆட்டை இன்னும் கொஞ்சம் நீட்டுங்க. அந்த அழுமூஞ்சியம்மாவை எடுத்துடுங்க."

"அவங்க அழவே இல்லையே, தோழர்."

"அது அதைவிட மோசம்."

அவளை வெட்டாவிட்டால் படம் பெட்டிக்குள்ளேயே கிடக்கும். அவனும் பழைய வேலைக்கே போவான். நெவேனா கத்தரிக்கோலை அவன் பக்கம் தள்ளினாள்.

"என் கையால மாட்டேன். நீ கூட்டிட்டு வந்த பொம்பளை, நீயே வெட்டு."

"எனக்கு வேற வழி இல்லக்கா."

"நான் காரணம் கேக்கலியே."

வெட்டினான்.

படத்தின் முதல் திரையிடல் அந்தச் சுரங்க ஊரின் மன்றத்தில் நடந்தது. வெலிக்கா சொந்தபந்தத்தையெல்லாம் திரட்டி வந்து முன்வரிசையில் உட்கார்ந்திருந்தாள். ஆடு வந்தது, கூரை அதிர்ந்தது. அவளும் கொஞ்சம் சிரித்தாள். படம் முடிந்து விளக்குப் போட்டார்கள்.

"நான் வர்ற இடம் எப்ப தம்பி?" என்று ஸ்விலெனைக் கேட்டாள்.

அவளுடைய கொழுந்தன் முந்திக்கொண்டான். "உனக்கு ஆடே தேவலைன்னு விட்டுட்டாங்க அண்ணி."

சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள். ஸ்விலென் வாய் திறப்பதற்குள் தொழிலாளிகள் அவனைத் தோளில் தூக்கிக்கொண்டார்கள். அவன் இறங்கப் பார்க்கவில்லை.

அதற்குப் பிறகு அவன் எடுத்ததெல்லாம் சிரிப்புப் படங்கள். பதக்கம் வந்தது, வீடு வந்தது. ஒவ்வொரு படத்துக்கும் முதல் திரையிடல் அதே மன்றத்தில்தான். ஸ்டுடியோ வெலிக்காவுக்கு முன்வரிசைச் சீட்டு அனுப்பத் தவறியதில்லை.

இதிலாவது தன் இடம் வரும் என்று இரண்டாவது படத்துக்கும் அவள் வந்தாள்.