ஆம்ப்ரோஸ் வாயிலிருந்து வந்த கெல்

நாற்பது வயதாகியும் ஆம்ப்ரோஸ் ஹிக்மாட்டுக்குக் கல்யாணம் ஆகவில்லை. எப்படி ஆகும்? பீருக்குப் போடும் ஹாப் பூவைக் காயவைக்கிற சூளையை எங்கள் கென்ட்டில் ஓஸ்ட் என்போம். அவன் அதன் காவல்காரன். பறிப்புக் காலம் முழுக்க நெருப்பை விட்டு நகர மாட்டான். தூக்கம் சாக்கு மேல், சாப்பாடு சாம்பலில் சுட்ட உருளைக்கிழங்கு.

அந்த வருஷம் ஹெர்ஃபோர்ட் பக்கத்திலிருந்து தன் அத்தை வீட்டுக்கு வந்த லெட்டி ப்ராபர்ட், என்னோடு பூப் பறித்தாள். முதல் நாளே மூட்டையோடு சூளை வாசலில் நின்று, "இதான் உங்க கெல்லா?" என்று கேட்டுவிட்டாள். அவள் ஊரில் சூளைக்கு அதுதான் பெயர்.

"கெல்லாவது, கல்லாவது! இது ஓஸ்ட். ஹாப்பு இந்த மண்ணுக்கு வர்றதுக்கு முன்னாடியே இருந்த பேரு. அப்பவே சுண்ணாம்பு சுட்ட சூளைக்கும் இதான் பேரு. எரியுறதுன்னு அர்த்தம். பாதிரியாரே சொல்லிருக்காரு," என்றான் ஆம்ப்ரோஸ்.

மறுநாள் அவளும் பாதிரியாரைப் பார்த்துவிட்டு வந்தாள்.

"கெல்லுங்கிற எங்க பேரு ரோமாபுரிக்காரங்க காலத்துதாம். அடுப்படின்னு அர்த்தமாம். நீ எரிஞ்சுக்கிட்டே கெட. நாங்க சாப்பிடுறோம்."

அதன்பிறகு தினமும் சண்டைதான். மூட்டை சுமப்பது ஆண்கள் வேலை. லெட்டி ஏன் வலியச் சுமந்தாள் என்பது தோட்டத்துக்கே தெரியும், அந்த மரமண்டைக்கு மட்டும் தெரியவில்லை.

கடைசி நாள் வந்தது. லெட்டியின் பெட்டி முன்னதாகவே ரயிலடிக்குப் போய்விட்டது. எனக்குப் பொறுக்கவில்லை. ஓஸ்ட்டுக்கு ஓடினேன்.

"யோவ், அவ சாயங்கால ரயிலுக்குக் கெளம்புறாய்யா!"

"கடைசி ஈடு காஞ்சுக்கிட்டு இருக்கு. பூவு கருகிட்டா?"

"ஒன் வாழ்க்க கருகுதேய்யா!"

அவனிடம் சொல்லிவிட்டுப் போவோம் வா என்று லெட்டியை நானே இழுத்து வந்தேன். அதுவரை வாசலோடு நின்றவள் அன்றுதான் உள்ளே கால் வைத்தாள். எங்கள் ஊர் வழக்கப்படி, புதியவர் யாராவது சூளைக்குள் கால் வைத்தால், மண்டியிட்டு ஒரு கொத்துப் பூவால் செருப்பைத் துடைப்போம். அவர்கள் காசு தர வேண்டும். ஆம்ப்ரோஸ் மண்டியிட்டான். துடைத்தான், துடைத்தான், துடைத்துக்கொண்டே இருந்தான்.

"போதும்யா, தோலு தேஞ்சிரும்," என்றாள் லெட்டி. "காசு பெட்டில இருக்கு. பெட்டி ரயிலடிக்குப் போயிருச்சு."

"அப்ப... குடுக்குற வரைக்கும் போக முடியாது."

எழுந்து சாம்பலைக் கிளறினான். ஒரு கிழங்கை எடுத்துப் பிட்டு, வெண்ணெய் தடவி நீட்டினான். அவள் ஊதி ஊதித் தின்றாள்.

"நல்லாருக்கு. எங்க வெந்துச்சு?"

அவன் நெருப்பைப் பார்த்தான். என்னைப் பார்த்தான். காது இரண்டும் சிவந்துபோயின.

"கெல்லுல."

எனக்கு அழுகை வந்துவிட்டது, அத்தனை சந்தோஷம். பெட்டி மட்டும் ஹெர்ஃபோர்டுக்குப் போய்த் திரும்பி வந்தது. கல்யாணத்துக்கு அப்புறம் லெட்டி எங்களைப் போல ஓஸ்ட் என்றே சொல்லப் பழகிவிட்டாள். ஆம்ப்ரோஸ்தான், எவ்வளவு கேலி செய்தாலும், கடைசிவரை கெல் என்றே சொன்னான்.