என் கையால் எதையும் வாங்காத மாமா

அக்கா கல்யாணத்துக்கு முகம் பார்க்கும் கண்ணாடி ஒன்று வாங்கிப் போனேன். தேக்குச் சட்டம் போட்டது. மாப்பிள்ளை கையில் கொடுத்தேன். வாங்கிய வேகத்தில் விட்டுவிட்டார். என் காலடியில் விழுந்து சுக்குநூறாகிப் போனது. அவர் தோளைத் தடவிக்கொண்டு சிரித்தார். கூடியிருந்தவர்களும் சிரித்தார்கள்.

அதோடு முடியவில்லை. அதற்குப் பிறகு அந்த மனிதர் என் கையிலிருந்து ஒரு டம்ளர் தண்ணீர்கூட வாங்கியதில்லை. எதை நீட்டினாலும், "அங்க வை மச்சான், அப்புறமா உங்கக்கா எடுத்துத் தரட்டும்" என்பார். மரியாதையாகத்தான் சொல்வார். மரியாதையாகச் சொன்னால் வலிக்காதா? நான் கல் உடைக்கிறவன், கை காய்த்துப்போனவன். அதுதான் அவருக்கு ஆகவில்லை என்று நினைத்துக்கொண்டேன். அக்கா பிள்ளைகள் பெரியவர்களாகி வேலைக்குப் போன பிறகும் அந்த நினைப்பு போகவில்லை.

அவர் கூரைக்காரர். நாங்கள் தரைக்காரர்கள். இங்கே பிள்ளை பிறக்கும்போது துணியைக் கீழே ஒன்றும் மேலே ஒன்றுமாக விரித்துக் கட்டுவார்கள். தொப்புள்கொடி அறுத்ததும் பிள்ளை எந்தத் துணியில் போய் விழுகிறதோ அதுதான் அதற்குப் பக்கம். உயிர் இருக்கும்வரை மாறாது. தரைக்காரன் தரையில் நடப்பான், கூரைக்காரன் கூரையில் நடப்பான். மண்ணும் மழையும் எப்போதும் தரைப் பக்கம்தான். ஆனால் கைபட்ட பொருளுக்குச் சொந்தப் பக்கம் கிடையாது. கடைசியாக யார் தொட்டார்களோ அவர் பக்கம் விழும். அக்கா தோசைக்கரண்டியைக் கொடுத்தால் அவர் கைக்குப் போனதும் அது கூரைப் பக்கம் திரும்பிவிடும். தண்ணீர் என்றால் அவர் ஒரு விரலை உள்ளே விட்டுத்தான் டம்ளரை வாங்க வேண்டும். மறந்தால் டம்ளர் மட்டும் அவர் பக்கம் போகும், தண்ணீர் அக்கா தலையில் கொட்டும். முதல் வருஷம் அக்கா ஈரத் தலையோடுதான் குடும்பம் நடத்தினாள்.

மாமாவுக்குச் சந்தையில் வேலை. பெரிய சந்தை, முழுவதும் கூரை போட்டது. அந்தக் கூரைக்குச் சுண்ணாம்பு அடிப்பது, விளக்கு மாற்றுவது, ஓட்டை அடைப்பது எல்லாம் அவர் பொறுப்பு. கத்தரிக்காய் வாங்கப் போன அக்கா அண்ணாந்து பார்த்தபோதுதான் பழக்கம். வீட்டைத் தாழ்வாகக் கட்டிக்கொண்டார்கள். அவள் தரையில் நின்று, அவர் கூரையில் நின்றால் முகத்துக்கு முகம் வரும், தலைகீழாக. சண்டை வந்தால் அக்கா தரையில் உட்கார்ந்துகொள்வாள். அவர் எவ்வளவு எக்கினாலும் அவள் உச்சி வகிடுதான் தெரியும். "மேல இருந்து என்ன பெரிய மனுஷத்தனம்?" என்பாள். அவள் எழுந்திருக்கும்வரை விளக்கைத் துடைத்துக்கொண்டிருப்பார்.

திறந்த வெளியில் மட்டும் அவர் ஆள் வேறு. கூரைக்காரர்கள் தெருவைக் கடக்க வேண்டுமென்றால் இடுப்பில் கயிறு கட்டி ஒரு தரைக்காரர் பிடித்துக்கொள்ள வேண்டும். விட்டால் வானத்துக்குள் விழுந்துவிடுவார்கள். மற்றவர்கள் கதை பேசிக்கொண்டே போவார்கள். இவர் கண்ணை இறுக்கி மூடிக்கொள்வார். கயிறு எப்போதும் அக்கா கையில். அதையும் என்னிடம் தந்ததில்லை. நானாகக் கேட்டும் பார்த்தேன்.

சுண்ணாம்புத் தூசி நுரையீரலில் இறங்கிவிட்டது. படுத்துவிட்டார். அக்கா கட்டிலுக்கு நேர் மேலே கூரையில் அவர் கட்டில். டாக்டர் ஏணி போட்டு ஏறிப் பார்த்துவிட்டு, இறங்கியதும் எங்களை வெளியே கூப்பிட்டுப் பேசினார்.

அப்போதுதான் மாமாவின் அண்ணன் வந்தார். தம்பியை வளர்த்த மனிதர். மூச்சு நின்றுவிட்டால் உடம்பும் பொருள்தானே. கடைசியாகத் தொட்டவர் பக்கம்தான் விழும். கூரைக்காரர்களுக்குச் சொந்தக்காரர் தொட்டு, கூரையைப் பிரித்து, வானத்தில் விட்டுவிடுவது வழக்கம். தங்கள் அப்பா போன வழியில்தான் தம்பியும் போக வேண்டும், மண்ணுக்குள் திணித்தால் மூச்சு முட்டும் என்றார் அண்ணன். செத்தவருக்கு என்ன மூச்சு என்று அக்கா கேட்டாள். பேச்சு வளர்ந்தது. அண்ணன் கோபித்துக்கொண்டு, ஒட்டியிருக்கும் கூரைகள் வழியாகவே அடுத்த தெருவுக்குப் போய்விட்டார். நேரம் வரும்போது ஆளோடு வருவதாகச் சொல்லிவிட்டுத்தான் போனார்.

அக்கா என்னிடம் வந்து, "எனக்குப் போய் நிக்க ஒரு எடம் வேணும்டா. வானத்தைப் பாத்து எங்கன்னு நிப்பேன்?" என்றாள். வேறு எதுவும் கேட்கவில்லை. அவள் தொட்டாலும் அண்ணன் ஆட்கள் பின்னால் வந்து தொட்டால் உடம்பு மேலே போய்விடும். அது அவளுக்கும் தெரியும்.

அன்று மத்தியானம் மாமாவே அக்காவைக் கூப்பிட்டு, அண்ணனை அழைத்துவரச் சொல்லி அனுப்பினார். அவள் போனதும், என்னை ஏணியில் ஏறி வரச் சொன்னார்.

"அந்தக் கண்ணாடி ஞாபகம் இருக்கா மச்சான்?"

இல்லாமலா என்றேன்.

"நான் விடல. கெட்டியாத்தான் பிடிச்சேன். அது என் பக்கம் திரும்பவே இல்ல. தோளு கழண்டுபோச்சு. உனக்குக் கல்லுக்கை."

கல்லுக்கை பற்றிக் கேள்விப்பட்டிருக்கிறேன். அந்தக் கை பட்ட பொருளை வேறு யார் தொட்டாலும் ஒரு பொழுதுக்குப் பக்கம் மாறாது. அப்படிப்பட்டவனை எந்தக் கூரைக்காரனும் வீட்டுக்குள் சேர்க்க மாட்டான். கயிற்றில் அவன் கை பட்டால் அதுவே ஆளைத் தரைக்கு இழுத்து இடுப்பை முறித்துவிடும். தரைக்காரர்களோடு வேலை செய்கிற எனக்கு என் கை எப்படித் தெரியும்? எல்லாம் தரையில்தானே விழுகிறது.

ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன்.

"சொன்னா எங்க ஆளுங்க உன்னை இந்த வீட்டுப் படி ஏற விடுவாங்களா? உங்கக்காவுக்கு நீதானே இருக்க."

கொஞ்ச நேரம் இருமினார். நான் ஏணியிலேயே நின்றேன். பிறகு என் கையை எடுத்துத் தன் நெஞ்சில் வைத்துக்கொண்டார். அத்தனை வருஷத்தில் முதல் தடவை.

"மேல போறதுக்கு எனக்குச் சின்ன வயசுலேர்ந்து பயம். அண்ணன்கிட்ட சொன்னா சிரிப்பான்."

வாசலில் அண்ணனின் குரல் கேட்டது. கூட ஆட்கள். அக்கா முன்னால் ஓடி வருகிற சத்தமும் கேட்டது. என் முகம் போன போக்கைப் பார்த்திருப்பார் போல. கையை இன்னும் அழுத்திக்கொண்டார்.

"சண்டை போடாத மச்சான். அவன் என்னை வளத்தவன். தொடட்டும், அழட்டும், ஆசை தீர இருக்கட்டும். மண்ணு போட்டு மூடுற வரைக்கும் நீ மட்டும் கைய எடுக்காத."