பெலவேந்திரம் நட்ட முதல் கம்பு

யாழ்ப்பாணக் குடாநாட்டில் கிரேக்கம் கற்ற ஒரே பெண் நான்தான். கொஞ்சம் கூட்டித்தான் சொல்கிறேன். எனக்குத் தெரிந்தது ஒரேயொரு கிரேக்கச் சொல். அதுவும் ஆணைக் குறிக்கும் சொல். தெல்லிப்பழையில் எனக்கு ஆங்கிலம் படிப்பித்த மிஷன் அம்மா, 'அன்ட்ரோஸ்' என்ற அந்த வேரைத் தெரிந்துகொண்டால் பத்துப் பன்னிரண்டு ஆங்கிலச் சொற்களைச் சும்மா பிடித்துவிடலாம் என்றார்.

பிடித்துப் பார்த்தேன். ஒருத்திக்குப் பல கணவர் இருந்தால் பொலியாண்ட்ரி. ஒன்றை வைத்தே நாங்கள் படும் பாட்டில் பாஞ்சாலிக்குக் கோயில் கட்டியது நியாயந்தான். ஆணைப்போலச் செய்த பொம்மை அன்ட்ரொயிட். சாய்மனைக்கதிரையில் கிடந்து தேத்தண்ணீர் கேட்கும் என் கணவரைப் பார்த்திருந்ததால் அதன் பொருளை எனக்கு யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. பிலாண்டர் என்றால் கிரேக்கத்தில் ஆணை நேசிப்பவள். அதே சொல் ஆங்கிலத்துக்கு வந்ததும் பெண்களுக்குப் பின்னால் திரியும் ஆணின் வேலையாகிவிட்டது. அகராதி எழுதினவர்களும் ஆண்கள்தானே. அன்ட்ரூ என்றால் ஆண்மை மிக்கவன். பழைய கத்தோலிக்கர் அந்தப் பெயரைப் பெலவேந்திரர் என்று தமிழாக்கினார்கள்.

நான் அறிந்த பெலவேந்திரம் பாவாடை சட்டை போட்ட பெண்.

குருநகரில் சிறகுவலை கட்டி மீன் பிடிக்கும் செபநாயகத்துக்கு வரிசையாக நாலு பெண்கள். ஐந்தாவது வயிற்றில் இருக்கும்போது, மீன் பிடித்த அப்போஸ்தலராகிய பெலவேந்திரருக்கு நேர்த்தி வைத்தார்: பிறக்கிற பிள்ளைக்கு உம்முடைய பெயர். ஆண்பிள்ளை வேண்டும் என்று வாய்விட்டுச் சொல்ல மறந்துபோனார். புனிதரும் கேட்டதை மட்டும் செய்தார். நேர்த்தியை மீறப் பயந்து, பெண்ணென்றும் பாராமல் ஞானஸ்நானத்தில் அதே பெயரை வைத்தார்கள்.

ஆயிரத்துத் தொளாயிரத்து எண்பத்தைந்தில் செபநாயகம் பாரிசவாதத்தில் விழுந்தார். அக்காமார் கலியாணம் கட்டிப் போய்விட்டார்கள். வீட்டில் உழைக்க மிஞ்சியவள் பெலவேந்திரம். போர் தொடங்கி, பெருங்கடலில் கடற்படை துரத்தியதால் எல்லாரும் ஆழமில்லாத பரவைக்கடலுக்குள் வந்து நெருக்கிய காலம் அது. கம்பு நட்டு வலை கட்டும் இடத்தைப் பாடு என்பார்கள். ஆண்டுக்கொரு முறை அந்தோனியார் சுரூபத்துக்கு முன்னால் திருவுளச்சீட்டுப் போட்டுப் பாடு பிரிப்பார்கள். சீட்டில் ஆண்களின் பெயர்தான் இருக்கலாம் என்பது மீன்பிடிச் சங்கத்தின் விதி. பாடு கிடைக்காத வீட்டில் அடுப்பு எரியாது.

அந்த ஆண்டு சீட்டு எழுதியவர் மன்னாரிலிருந்து புதிதாக வந்த பங்குச் சுவாமியார். செபநாயகத்தின் வீட்டுக்கு யார் என்று பங்குப் பதிவேட்டில் பார்த்தார்; பெலவேந்திரம் என்றிருந்தது; மகன் என்று எண்ணி எழுதிப் போட்டார். முதலாவதாக வந்து விழுந்தது அந்தச் சீட்டு. மண்டைதீவுப் பக்கத்து நல்ல பாடு.

நான் அங்கே நின்றேன். மீன் வாங்கப் போனவளுக்குச் சீட்டுப் போடுமிடத்தில் என்ன வேலை என்று கேட்காதீர்கள். சண்டை வரும் இடத்தில் மீன் மலிவு.

மீன்கடகத்தைக் கீழே வைத்துவிட்டு பெலவேந்திரம் முன்னால் வர, கூட்டம் குழம்பியது. சங்கத் தலைவர் கனிசியஸ் எழும்பினார்.

"பொம்பிளை வள்ளத்திலை கால் வைச்சால் வலை வெறுமையாத்தான் வரும். திருப்பிச் சீட்டுப் போடுங்கோ, சுவாமி."

"அந்தோனியார் எடுத்துத் தந்த சீட்டு, அண்ணை," என்றாள் அவள். "உங்களுக்குப் பிடிச்ச ஆளுக்குக் குடுக்கிறதெண்டால் அவரை ஏன் இந்த வெயிலுக்கை தூக்கிக்கொண்டு வந்தனீங்கள்?"

சுவாமியாருக்கு வியர்த்தது. திருவுளச்சீட்டை மாற்றினால் பாவம், மாற்றாவிட்டால் கலகம். பள்ளிக்கூட ரீச்சர், படித்தவள் என்று என் பக்கம் திரும்பினார். கேட்டால் விடுவேனா? பெலவேந்திரம் என்ற பெயர் கிரேக்க வேர்ப்படி ஆணைத்தான் குறிக்கிறது, ஆகவே சங்கத்தின் விதி மீறப்படவில்லை என்று தீர்ப்புச் சொன்னேன்.

கனிசியஸ் என்னை மேலும் கீழும் பார்த்தார். "கிரேக்கத்திலை உவள் ஆம்பிளையெண்டால், ரீச்சர், கிரேக்கத்துக் கடலிலை போய்ப் பிடிக்கட்டும்."

என் ஒரு சொல்லும் முடிந்தது. ஆனால் சீட்டை மாற்ற அவருக்கும் உள்ளூரப் பயம். அதனால் பழைய வழக்கமொன்றைப் பிடித்தார். சீட்டு விழுந்தவர் மறுநாள் மத்தியானத்துக்குள் தன் கையால் முதற் கம்பை அடித்து இறுக்க வேண்டும்; தவறினால் பாடு சங்கத்துக்கு. ஒருவரும் அவளை வள்ளத்தில் ஏற்றக்கூடாது என்றும் சொல்லிவிட்டார்.

"ஓம், அண்ணை. ஒரு வள்ளத்திலையும் ஏற மாட்டன்," என்று சொல்லிவிட்டுப் போனாள்.

மறுநாள் காலை அவள் நடந்தாள். வள்ளத்தில் பெண் ஏறக்கூடாது என்றுதான் குருநகரில் வழக்கமே தவிர, கடலில் நடக்கக்கூடாது என்று எவரும் சொல்லி வைக்கவில்லை. கம்பைக் கயிற்றில் கட்டி மிதக்கவிட்டு, அதை அடிக்கிற கொட்டனைத் தோளில் வைத்து, கரையில் நின்ற ஆண்கள் வாய் பிளக்க, தண்ணீருக்குள் இறங்கினாள். முழங்கால், இடுப்பு, கழுத்து. காற்று எழும்பியது. சுறாவொன்று கிட்ட வந்து, ஆளைப் பார்த்துவிட்டு மரியாதையாகத் திரும்பிப் போனது. தன்னந்தனியாக நின்று அவள் அடித்த அடியில் கம்பு பனைமரம்போல நிமிர்ந்தது. அந்த ஆண்டு முழுக்க அவளும் தாய் தகப்பனும் அந்தப் பாட்டில்தான் சாப்பிட்டார்கள். பிறகு யாகோப்பைக் கலியாணம் கட்டினாள். அவன் கரையில் இருந்து கருவாடு காயப்போடுகிறான். கடல் அவனுக்கு ஒத்துவராதாம், தலை சுற்றுமாம்.

இவ்வளவையும் எழுதி, நண்டு கொண்டுவந்திருந்த பெலவேந்திரத்துக்கே வாசித்துக் காட்டினேன்.

"சுறாவை விடுங்கோ, ரீச்சர். தண்ணி முழங்காலுக்குக் கொஞ்சம் மேலைதான். தனியவும் நான் நிக்கேல்லை. கம்பு ரெண்டுதரம் சரிஞ்சு போச்சு. கனிசியஸ் அண்ணை பின்னாலை நடந்து வந்து, வாய்க்கு வந்தபடி என்னைத் திட்டிக்கொண்டு, கம்பைப் பிடிச்சுக்கொண்டு நிண்டவர். அடிச்சது என்ரை கை. பிடிக்கிறதைப் பற்றிச் சங்கம் ஒண்டும் சொல்லேல்லைத்தானே."