முன்னால் நடந்தவன்

ஆவுடையப்பன் தாளையே பார்த்துக்கொண்டிருந்தான். 1943-ஆம் வருஷம். புதுக்கோட்டையில் கல்லூரியில் சேர வந்த பையன்களை ஒரு வகுப்பறையில் உட்காரவைத்து, எதற்காவது தலைமை தாங்கியதுண்டா என்று எழுதச் சொல்லித் தாள் கொடுத்திருந்தார்கள். பக்கத்தில் இருந்தவன் சாரணர் படை, கால்பந்துக் குழு என்று எழுதித் தள்ளிக்கொண்டிருந்தான்.

ஆவுடையப்பன் முந்தின வருஷம் பர்மாவிலிருந்து நடந்தே வந்தவன். அங்கே அரிசி ஆலையில் வேலை பார்த்த அப்பா ஜப்பான்காரன் போட்ட குண்டு விழுந்து செத்துப்போனார். ஆத்தாவும், கந்தர்வக்கோட்டைப் பக்கத்துச் சனங்கள் சிலரும் மலைப்பாதையில் கிளம்பியபோது, பர்மியப் பேச்சு தெரிந்த இவன் முன்னால் நடந்தான். "அந்தப் புள்ளதான் எங்களக் கூட்டியாந்துச்சு" என்று ஊரில் இன்னமும் சொல்கிறார்கள். அதைத்தான் எழுதிக் கொடுத்தான்.

மறுநாள் பிரின்சிபால் கூப்பிட்டு அனுப்பினார்.

"பெரியவங்க இருக்கையில நீ ஏன் முன்னால போனே?"

ஏதாவது பெருமையாகச் சொல்லிவிடலாம் என்று வாய் திறந்தான். வரவில்லை.

"பயம் சார். மத்தக் கூட்டங்கள்ல பின்னால வந்தவங்கதான் விழுந்து விழுந்து செத்தாங்க. பின்னால நடக்கப் பயந்துக்கிட்டு முன்னால போனேன்."

அவர் பேனாவைக் கீழே வைத்தார். "உங்கூட வந்தவங்க எல்லாரும் வந்து சேர்ந்தாங்களா?"

இந்தக் கேள்விக்குத்தான் அவன் பயந்தது.

"மீனம்மா அக்கா வரல சார். காய்ச்சலோட கடைசியா வந்துச்சு. ஆத்தத் தாண்டுன பொறவுதான் காணோம்னு தெரிஞ்சது. திரும்பிப் போகக் காலு வரல. அதுக்கப்புறம் ஒவ்வொரு திருப்பத்துலயும் நின்னு எல்லாரையும் பேர் சொல்லிக் கூப்பிட்டேன். குரல் குடுத்தாத்தான் நகருவேன்."

"இத ஏன் எழுதல?"

"எழுதுனா சேத்துக்க மாட்டீங்கன்னு..."

"சேத்துக்கிறேன். போ."

அவனுக்குச் சந்தோஷம் வரவில்லை. மீனம்மாள் காய்ச்சல் முற்றி இறந்துவிட்டாள், நாங்களே புதைத்தோம் என்றுதான் அவள் அப்பா பிச்சைமுத்துவிடம் எல்லோரும் சொல்லியிருந்தார்கள். இனி இது வேறு யார் வாயிலிருந்தாவது அவர் காதுக்குப் போய்விட்டால்? ஊரில் பஸ்ஸை விட்டு இறங்கியவன் நேரே அவரிடம் போனான்.

மாட்டுக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டிருந்தார். அவன் சொல்லச் சொல்ல வாளியைக் கீழே வைத்துவிட்டார். அடித்துவிடுவார் என்று பயந்து இரண்டடி பின்வாங்கினான்.

"அப்ப நீங்க பொதைக்கல?"

"இல்லங்க மாமா."

"அப்ப எம்மக உசுரோட இருக்கலாமில்ல?"

அவர் முகத்தில் வந்த வெளிச்சத்தைப் பார்த்ததும் அவனுக்கு உடம்பெல்லாம் வேர்த்தது.

அடுத்த வாரமே பிச்சைமுத்து மெட்ராஸுக்குப் போய், பர்மா அகதிகளைப் பதிகிற ஆபீசில் மகள் பேரைக் கொடுத்துவிட்டு வந்தார். சேதி ஒன்றும் வரவில்லை. ஆனாலும், ஊரிலிருந்து யாராவது தன்னைத் தேடிக் கல்லூரிக்கு வந்தால் ஆவுடையப்பனுக்கு நெஞ்சு அடித்துக்கொள்ளும். அவள் கிடைத்துவிட்டாள் என்று சொல்வார்களோ, கிடைக்கவே இல்லை என்று சொல்வார்களோ, எதற்குப் பயப்படுகிறோம் என்று அவனுக்கே தெரியவில்லை.