கம்பான் பெயரில் போன டப்பா

நோங் கேம் ஏரியில் மீன்களுக்கு இரண்டு விதமான சாவு உண்டு. நுவன்லாவுக்குத் தெரிந்து சாகிற மீன், குழம்பில் கொதித்தோ உப்புத் தடவிக் கரியில் சுடப்பட்டோ மரியாதையாகப் போய்ச் சேரும். அவளுக்குத் தெரியாமல் சாகிற மீனின் கதை வேறு. துடிக்கத் துடிக்கப் பலகையில் வைத்துக் கொத்தி, எலுமிச்சை பிழிந்து, மிளகாயும் வறுத்த அரிசிப்பொடியும் செவ்வெறும்பு முட்டையும் போட்டுப் பிசைந்தால் கோய் தயார். ஒரு உருண்டை ஒட்டரிசிச் சோற்றில் அதை அள்ளி வாயில் போட்டுக்கொண்டால், நெருப்பின் முகத்தையே பார்க்காமல் மீன் வயிற்றுக்குள் போய்விடும்.

அந்த மீனோடு கண்ணுக்குத் தெரியாத ஒரு புழுவும் போகும். போய் ஈரலில் பித்தக்குழாய்க்குள் உட்கார்ந்துகொள்ளும். வாடகை கேட்காத வீட்டில் வருஷக்கணக்காக இருந்துவிட்டு, ஒருநாள் புற்றுநோயைக் கையில் கொடுத்துவிட்டுப் போகும். நுவன்லாவின் அப்பா மஞ்சள் பூசியது போல ஆகி அப்படித்தான் போனார். அவர் சிதை எரிந்த வருஷமே அவள் ஊர்ச் சுகாதாரத் தொண்டராகப் பெயர் கொடுத்தாள்.

அதற்குப் பிறகு அவள் மூக்கைப் பற்றி ஊரில் கதைகள் முளைத்தன. மூன்று தெரு தள்ளி ஒருவன் எலுமிச்சையை நறுக்கினால், அது பச்சை மீனுக்கா வெந்த மீனுக்கா என்று இங்கிருந்தே சொல்லிவிடுவாளாம். வைக்கோல் போருக்குள் ஒளிந்து தின்ற ஒரு கும்பலை, பக்கத்தில் நின்ற எருமை கண்ணை உருட்டிய விதத்தை வைத்தே பிடித்தாளாம். நம்பாதவர்கள் அந்த எருமையிடம் கேட்டுக்கொள்ளலாம்.

அப்படிப்பட்டவள் இப்போது ஒரு வாரமாகச் சோறு இறங்காமல் இருந்தாள். காரணம், ஊருக்கே பெருமையான ஒரு செய்தி.

நகரத்துப் பெரிய ஆஸ்பத்திரி டாக்டர் பிரானோமுக்கும் டாக்டர் சனானுக்கும் தலைநகரத்தில் விருது கொடுத்துவிட்டார்கள். பிரானோம் அம்மா இந்த ஈரல் புற்றுநோயைத் துரத்திக்கொண்டு ஊர் ஊராக அலைந்தவர். சனான், பச்சைப் பன்றிக்கறி தின்கிற ஊர்களில் மூளைக்குள் குடியேறும் புழுவையும் அது இழுத்துவரும் வலிப்பையும் ஆராய்ந்தவர்.

"ஒருத்தர் மண்டைக்குள்ள எட்டிப் பாக்குறாரு, ஒருத்தங்க பின்னாடி வர்றத டப்பாவுல வாங்கிப் பாக்குறாங்க" என்றாள் பக்கத்து வீட்டு லம்யாய். "நமக்குன்னு ஒளிச்சு வைக்க என்னதான்டி மிச்சம்?"

ஊரே சமுதாயக் கூடத்தில் உட்கார்ந்து தொலைக்காட்சியில் பார்த்தது. மேடையில் பிரானோம் பதக்கத்தோடு நின்று பேசினார். நோங் கேம் என்ற ஊரில் ஒரு பெண் இருக்கிறாள், அவள் கணவன்தான் அந்த வட்டாரத்திலேயே பெரிய பச்சை மீன் பிரியன், கடைசியில் பரிசோதித்தபோது அவன் வயிறு சுத்தமாக இருந்தது, ஒரு வீட்டில் நடந்தது நாடு முழுவதும் நடக்கும், அந்த நம்பிக்கைதான் இந்த விருது என்றார். கூடத்தில் விசில் பறந்தது. எல்லோரும் திரும்பி நுவன்லாவைப் பார்த்தார்கள். அவள் எழுந்து குழாயடிக்குப் போய், ஏற்கெனவே கழுவி வைத்திருந்த தட்டுகளை மறுபடியும் கழுவினாள்.

நடந்தது இதுதான். முந்தின வருஷத்துக்கு முந்தின வருஷம், மழை முடிந்த கையோடு ஊரில் எல்லோரிடமும் மல மாதிரி எடுத்தார்கள். ஆளுக்கொரு சின்ன பிளாஸ்டிக் டப்பா. வீடு வீடாகக் கொடுத்து வாங்குவது நுவன்லா பொறுப்பு. வெட்கப்பட்டவர்களை மிரட்டினாள், மலச்சிக்கல்காரர்களுக்குப் பப்பாளி கொடுத்தாள். எல்லா டப்பாவும் வந்து சேர்ந்துவிட்டன, இரண்டைத் தவிர. அவை அவள் வீட்டு டப்பாக்கள்; தன்னுடையதைக் கணவன் கம்பானுடையதோடு சேர்த்துக் கொடுக்கலாம் என்று வைத்திருந்தாள்.

"யோவ், சுண்டைக்காய் அளவு போதும்யா. ஊரே குடுத்தாச்சு."

கம்பான் வலையில் முடிச்சுப் போட்டபடியே சொன்னான். "நகரத்துல படிச்ச பொம்பள, கண்ணாடி போட்டுக்கிட்டு என் பீயைப் பாக்கணுமா? போடி."

"உன்னோடத மட்டுமா பாக்குறாங்க? ஊர்ல எல்லாரோடதும் பாக்குறாங்க."

"ஊர்க்காரனுக்கு மானம் இல்ல. உன் வீட்டுக்கு மாப்பிள்ளையா வந்தப்போ நான் கொண்டுவந்தது அந்த மானம் ஒண்ணுதான். அதையும் டப்பாவுல போட்டு மூடித் தரச் சொல்றியா?"

கெஞ்சினாள், திட்டினாள், சோறு போட மாட்டேன் என்றாள். அவன் ஏரிக்கரையிலேயே படுத்துக்கொண்டான். கடைசி நாள் காலை ஆஸ்பத்திரி வண்டி வந்து நின்றது. ஒரு டப்பா குறைந்தாலும் இந்த ஊர் ஆராய்ச்சியில் ஓட்டை விழும் என்று டாக்டர் முன்பே சொல்லியிருந்தார். ஊரையெல்லாம் விரட்டியவள் தன் வீட்டு டப்பாவைக் காலியாக எப்படிக் கொடுப்பது? டிரைவர் ஹாரன் அடித்தான். நுவன்லா இரண்டு டப்பாக்களை எடுத்துக்கொண்டு வாழைத்தோப்புக்குப் பின்னால் போனாள். சரக்கு ஒன்று, பெயர் இரண்டு.

அப்புறம் டாக்டரிடம் தனியாகச் சொல்லிவிடலாம் என்றுதான் நினைத்தாள். ஆனால் முடிவை ஒலிபெருக்கியில் படித்துவிட்டார்கள். நுவன்லா, சுத்தம். கம்பான், சுத்தம். கைதட்டல் ஓயும் வரை காத்திருந்தாள். ஓய்ந்த பிறகு சொல்ல வாய் வரவில்லை. புழு இருந்தவர்களுக்கு மாத்திரை கொடுத்தார்கள். வருஷா வருஷம் நகரத்துக்கு அழைத்துப்போய் வயிற்றை ஸ்கேன் பார்த்தார்கள். கம்பானை யாரும் அழைக்கவில்லை. சுத்தமானவனை எதற்கு அழைப்பார்கள்?

அதோடு முடிந்திருந்தால்கூட அவள் தன் மனசாட்சியோடு மட்டும் சண்டை போட்டுக்கொண்டிருப்பாள். கம்பான் விட்டால்தானே! தான் கொடுக்காத டப்பாவுக்கு எப்படி முடிவு வந்தது என்று அவன் யோசிக்கவே இல்லை. ஆஸ்பத்திரிக்காரர்கள் பெரிய ஆட்கள், பார்க்காமலே கண்டுபிடித்திருப்பார்கள் என்று எடுத்துக்கொண்டான். ஏரிக்கரையில் பலகையைப் போட்டுப் பகிரங்கமாகக் கொத்த ஆரம்பித்தான்.

"எலுமிச்சையிலயே பாதிப் புழு செத்துரும்டா. மேல ஒரு மடக்கு அரிசிச் சாராயம் ஊத்துனா அதோட பேரன் பேத்தியும் காலி. என் வயிறு கோயில் மணி மாதிரி சுத்தம்னு டாக்டரம்மாவே சொல்லியாச்சு!"

அதை நம்பி, பச்சை மீனை விட்டிருந்த ஆண்கள் ஒவ்வொருவராக அவன் பலகையைச் சுற்றி உட்கார்ந்தார்கள். நுவன்லா வந்து கத்தினால், "உன் வீட்டுக்காரனுக்கே ஒண்ணும் இல்லையே அக்கா?" என்பார்கள். அவள் திரும்பி நடந்துவிடுவாள். அந்தப் பேச்சைக் கேட்டது முதல் அந்த மூக்கு அடைத்துக்கொண்டது. அடுத்த வீட்டில் எலுமிச்சையை நறுக்கினால்கூட அவளுக்கு வாசம் தெரியவில்லை.

இந்த அறுவடைக் காலத்திலிருந்து கம்பானின் சோற்றுக்கூடை பாதி நிரம்பியபடியே திரும்பி வந்தது. வலை இழுக்கும்போது வலது விலா எலும்புக்குக் கீழே கையை வைத்து அழுத்திக்கொண்டான். கேட்டால் வாயு என்றான். அவள் அப்பாவும் முதலில் வாயு என்றுதான் சொன்னார்.

டாக்டர்களுக்கு மரியாதை செய்ய, ஊரார் நூல் கட்டும் சடங்கு வைத்தார்கள். கூடத்தின் நடுவில் வாழையிலைக் கூம்பு, அதில் சாமந்திப்பூ, உச்சியில் வெந்த முட்டை, சுற்றிலும் வெள்ளை நூல்கள் தொங்கின. ஊர் ஊராக அலைந்தவர்களின் உயிர்கள் வழியில் எங்கெங்கோ தங்கிவிடும் அல்லவா, அவற்றைப் பெயர் சொல்லி அழைத்து மணிக்கட்டில் கட்டி வைக்க வேண்டும். பெரியவர் ஒருவர் ராகம் போட்டு அழைத்துக்கொண்டிருந்தார். காட்டில் நின்ற உயிரே வா, வெள்ளத்தில் நனைந்த உயிரே வா, ஆஸ்பத்திரி நாற்காலியில் தூங்கிப்போன உயிரே வா.

வந்ததும் வராததுமாக பிரானோம் நுவன்லாவின் தோளைப் பிடித்துக்கொண்டார். "அக்கா, முதல் நூல் நீங்கதான் கட்டணும். வேற யார் கட்டினாலும் நான் கைய நீட்ட மாட்டேன்."

"நான் எதுக்கு டாக்டரம்மா? ஊர்த்தலைவர் இருக்காரு..."

"அவரா பப்பாளி குடுத்து டப்பா வாங்கினாரு?" என்று சிரித்தார் வழுக்கைத் தலை சனான். "எனக்கும் உங்க மாதிரி ஒரு ஆள் கிடைச்சிருந்தா, விருத முன்னாடியே வாங்கியிருப்பேன்."

கூடமே சிரித்தது. நுவன்லாவுக்கு அந்தச் சிரிப்பு முதுகில் சுடுநீர் போல இறங்கியது.

முழங்காலிட்டு உட்கார்ந்து நூலை எடுத்தாள். நூல் கட்டுகிறவரின் வாழ்த்து எல்லோருக்கும் போய்ச் சேர வேண்டும் என்பதற்காக, பின்னால் இருப்பவர் முன்னால் இருப்பவரின் முழங்கையைத் தொட்டுக்கொள்வது வழக்கம். நுவன்லாவின் முழங்கையில் கம்பானின் கை. கம்பானின் முழங்கையில் லம்யாய். அப்படியே வாசல் வரைக்கும் ஊர். கட்டுகிறவள் வாயில் பொய் இருந்தால், வீடு திரும்புகிற உயிர் வாசலிலேயே நின்றுவிடும் என்று சின்ன வயதிலிருந்து கேட்டு வளர்ந்தவள் அவள்.

"கெட்டதெல்லாம் போகட்டும், நல்லதெல்லாம் வரட்டும்" என்று டாக்டரின் மணிக்கட்டை நூலால் வருடினாள். "நோய் நொடி இல்லாம... நீங்களும்... உங்க..." முடிச்சுப் போடப் போனாள். நூல் நழுவியது. மறுபடியும் போட்டாள், நழுவியது. முழங்கையில் இருந்த அந்தக் கை முன்பைவிட மெலிந்திருப்பது அப்போதுதான் அவளுக்கு உறைத்தது.

"டாக்டரம்மா, அந்த டப்பா அவரோடது இல்ல."

"எந்த டப்பா அக்கா?"

"வீட்டுக்காரர் பேர்ல வந்தது. அதுல இருந்தது என்னோடது."

மெதுவாகத்தான் சொன்னாள். ஆனால் பெரியவரின் ராகம் அந்த நேரம் பார்த்து மூச்சு வாங்க நின்றிருந்தது. லம்யாய்தான் முதலில் வாயைத் திறந்தாள். "அடிப்பாவி! ரெண்டு பேருக்கும் சேத்து நீயேவாடி?" சிலர் சிரித்தார்கள். டாக்டரின் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பு பாதியில் நின்றது. முழங்கையில் இருந்த கம்பானின் கை விலகிப் போயிற்று.

பிரானோம் நீட்டிய கையை இழுத்துக்கொள்ளவில்லை. முடிச்சு விழாத நூலையே பார்த்துக்கொண்டிருந்தார். "அத்தனை பேர் முன்னாடி சொன்னேனே அக்கா" என்றார். குரலில் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் நுவன்லாவுக்குக் கொஞ்சம் தாங்கியிருக்கும். "சரி, முடிச்சப் போடுங்க. போட்டுட்டு அவர இந்தப் பாயில படுக்கச் சொல்லுங்க. ஸ்கேன் மிஷின் கார்லயே இருக்கு."

"நான் எதுக்குப் படுக்கணும்? எனக்கு என்ன கேடு?" என்று எழுந்த கம்பான், மனைவியின் முகத்தைப் பார்த்ததும் நின்றான். ஊரையே மிரட்டியவள் இரண்டு கைகளையும் குவித்தபடி அழுதுகொண்டிருந்தாள். அவன் சட்டையைத் தூக்கிக்கொண்டு படுத்தான்.

வயிற்றில் பசையைத் தடவியதும், "ஐயோ, ஐஸ் மாதிரி இருக்கு! மீனுக்குக்கூட எலுமிச்சைதான் தடவுவோம்" என்று நெளிந்தான். டாக்டரின் கை ஒரே இடத்துக்குத் திரும்பத் திரும்பப் போயிற்று. சனானைக் கூப்பிட்டுத் திரையைக் காட்டினார். தலைக்குள் பார்க்கிறவரும் குனிந்து வயிற்றுக்குள் பார்த்தார்.

"சின்னதா ஒண்ணு தெரியுது" என்றார் பிரானோம். "நாளைக்கே ஆஸ்பத்திரிக்கு வரணும். வெட்டி எடுத்துடலாம்னு நினைக்கிறேன். நினைக்கத்தான் செய்றேன் அக்கா, சத்தியம் பண்ண முடியாது."

"அன்னைக்கு அவரோட டப்பா போயிருந்தா?"

டாக்டர் கம்பானின் வயிற்றைத் துணியால் துடைத்தார். நிதானமாக, ஒரு சொட்டு விடாமல் துடைத்தார். "புழு மட்டும் இருந்திருக்கலாம். மாத்திரையோட போயிருக்கலாம். அப்பவே இதுவும் இருந்திருக்கலாம். தெரியலக்கா." பிறகு கருவியை எடுத்து வைத்தபடி, "விருதுக் குழுவுக்கு நான் சொல்லிக்கிறேன். இந்த ஊருக்கு நீங்க சொல்லணும்" என்றார்.

அடுத்த நாள் காலை, ஊர் ஒலிபெருக்கியில் வழக்கமான பாட்டு முடிந்ததும் நுவன்லாவின் குரல் வந்தது. சுகாதார அறிவிப்பு சொல்லிப் பழகிய குரல்தான். அன்று அது அவ்வப்போது உள்ளே போய் வெளியே வந்தது. கம்பானின் வயிறு சுத்தம் என்று படித்தது பொய், அந்தப் பொய்யைச் சொன்னது நான், என் வீட்டுக்காரரைப் பார்த்து மறுபடியும் பச்சை மீன் தின்ன ஆரம்பித்தவர்கள் எல்லோரும் டப்பா வாங்கிக்கொள்ள வாருங்கள், என்னைத் திட்டுவதானாலும் வந்து திட்டிவிட்டு டப்பாவையும் வாங்கிப் போங்கள் என்றாள். சொல்லி முடித்தவள் பொத்தானை அணைக்க மறந்துபோனாள்.

அறிவிப்பு அறை வாசலில் கார் காத்திருந்தது. துணிப்பையோடு உள்ளே வந்த கம்பான் கேட்டது ஊர் முழுக்கக் கேட்டது.

"என் பேர்ல டப்பாவுக்குப் போனவதானே நீ? ஆபரேஷனுக்கும் நீயே போயேன்டி."

ஒலிபெருக்கியில் துணிப்பையை வாங்கிக் கீழே வைக்கிற சத்தம் வந்தது.

"போக முடிஞ்சா போயிருவேன்யா" என்றது நுவன்லாவின் குரல்.

ஏரிக்கரையில் பலகையில் மீன் கொத்துகிற சத்தம் நின்றது. எத்தனை நாளைக்கு நின்றது என்று மட்டும் கேட்காதீர்கள்.